அண்ணனும் இறுக்குப் பனியனும்

மே 12, செவ்வாய்

அக்னி நட்சத்திரம். தையல் மிஷினின் இரும்பு காலையிலேயே கையைச் சுடுகிறது. ரமா அக்கா கடையில் இன்று பிளவுஸ் நான்கு, புடவை ஃபால்ஸ் இரண்டு. நடுவில் கரண்ட் போய்விட்டது. கொக்கி மட்டும் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

மதியம் கடை வாசலில் அண்ணன். உள்ளே வராமல் கண்ணாலேயே கூப்பிட்டான். இந்த வெயிலிலும் பனியன், அதன்மேல் சட்டை, அதன்மேல் கம்பெனி கோட்டு.

“பாப்பா, நாளைக்கும் வெள்ளிக்கிழமையும் லீவு போடு. என்கூட ஒரு எடத்துக்கு வரணும். அம்மாக்குத் தெரியக் கூடாது.”

ஆவணியில் இவனுக்கும் நந்தினி அண்ணிக்கும் கல்யாணம். “வேற பொண்ணா?” என்று கேட்டுவிட்டேன்.

“அடச்சீ. ஆபரேஷன்டி.”

“உடம்புக்கு இன்னா?”

கையை மார்பின் குறுக்கே கட்டிக்கொண்டான். எனக்குப் புரிந்துவிட்டது.

எட்டாவது படிக்கும்போதிலிருந்தே அவனுக்கு மார்பு பெரியது. பெண்களுக்கு இருப்பது போல. எழுதவே கூச்சமாக இருக்கிறது, ஆனால் இதை யாரும் படிக்கப்போவதில்லை. ஏரியில் குளிக்கப் போன ஒரு நாள் சண்முகம் மாமா எல்லோர் எதிரிலும், “இன்னாடா, பால் டிப்போ வெச்சிகினு கீறியா?” என்றார். அதோடு முடிந்தது. அன்றிலிருந்து பட்டாபிராமில் எங்கள் தெரு முழுக்க அவன் பெயர் டிப்போ. பிரபு என்ற பெயர் ரேஷன் கார்டில் மட்டும். புதிதாக வந்தவர்கள் அவன் பஸ் டிப்போவில் வேலை செய்வதாக நினைக்கிறார்கள். அதற்குப் பிறகு அவன் ஏரியில் இறங்கியதில்லை. வீட்டில்கூடச் சட்டையைக் கழற்றுவதில்லை.

பைக் மாற்ற வைத்திருந்த பணத்தை இதற்கு எடுத்துக்கொண்டானாம்.

“இப்போ இன்னாத்துக்கு அண்ணா?”

“நலங்கு வெக்கும்போது சட்டையக் கழட்டணும்டி. அவங்க ஊட்டாளுங்க எல்லாம் உக்காந்துகினு இருப்பாங்க. மாமாதான் மொதல்ல மஞ்சள் பூசுவாரு. வாயத் தொறக்காம பூசுவாரா?”

பூச மாட்டார்.

மே 13, புதன்

பூந்தமல்லி ரோட்டில் மாடியில் இருக்கிறது கிளினிக். ஏசி. அப்படி ஒரு ஏசி நம் வீட்டில் இருந்தால் நான் வெளியிலேயே வரமாட்டேன். சுவரில் ஒல்லியான வெள்ளைக்காரப் பெண்ணின் படம். எதிரே நாங்கள் இரண்டு பேர், கையில் மஞ்சப்பை.

டாக்டர் அம்மாவுக்கு எங்கள் அம்மா வயதிருக்கும். நன்றாகப் பேசினார். என்னைப் பார்த்து, “நீ யாரும்மா?” என்றார். பதில் சொல்ல வாய் வரவில்லை. அண்ணன்தான், “தங்கச்சி. பேச மாட்டா, ஆனா எல்லாம் கேட்டுப்பா” என்றான்.

எனக்கு எப்போதும் இப்படித்தான். பதினொன்றாம் வகுப்பில் பாதியில் நின்றதற்கு அம்மாவுக்கு டைபாய்டு என்று ஊருக்குச் சொன்னோம். டைபாய்டு ஒரு மாதத்தில் சரியானது. வகுப்பில் எழுந்து நின்று செமினார் எடுக்க வேண்டியிருந்தது. அந்தப் பயம்தான் சரியாகவே இல்லை.

டாக்டர் காகிதத்தில் படம் போட்டு விளக்கினார். மறக்காமல் இங்கே எழுதிவைக்கிறேன். முதலில் உப்புத் தண்ணீரில் மரத்துப்போகும் மருந்தும், ரத்தக்குழாயைச் சுருக்கும் மருந்தும் கலந்து மார்புக்குள் ஏற்றுவார்கள். கொஞ்ச நேரம் ஊற விடுவார்கள். (இட்லிக்கு அரிசி போல.) அக்குள் பக்கம் சின்ன ஓட்டை. அதன் வழியாக மெல்லிய குழாய். முன்னும் பின்னும் ஓட்டினால் கொழுப்பு மிஷினுக்குப் போய்விடும். சில இடங்களில் அதிர்வு கொடுத்துக் கொழுப்பை முதலில் இளக்குவார்களாம், லேசரும் உண்டாம். யாருக்கு எது தேவை என்று பார்த்துத்தான் செய்வார்களாம். கொழுப்புக்கு அடியில் கெட்டியாகச் சுரப்பி இருந்தால் அது குழாயில் வராது, காம்பு ஓரத்தில் சின்னதாக அறுத்து எடுக்க வேண்டும். அண்ணனுக்குக் கொஞ்சம் இருக்கிறதாம்.

“லேசர்லயே பண்ணிடுங்க மேடம்” என்றான் அண்ணன், ஓட்டலில் மசாலா தோசை சொல்வது போல.

“தம்பி, மிஷின் பேரைப் பார்த்து வராதீங்க.”

டாக்டர் சொன்னது: இது உடம்பு இளைக்கிற வைத்தியம் இல்லை, எடை மிஷினில் ஏறி நின்றால் ஏமாந்துபோவீர்கள். முதல் வாரம் வீங்கும், முன்னைவிடப் பெரிதாகக்கூடத் தெரியும். கன்றிப்போகும். மரத்துப்போகும், அரிக்கும், அங்கங்கே கட்டி தட்டும். இறுக்கமான பனியன் ஒன்றை ஒன்றரை மாதம் இரவும் பகலும் போட வேண்டும், குளிக்க மட்டும் கழற்றலாம். ஒரு மாதம் கனம் தூக்கக் கூடாது. சரியான வடிவம் தெரிய மூன்று மாதமாவது ஆகும்.

அண்ணன் காதில் விழுந்தது: அன்றைக்கே வீட்டுக்குப் போகலாம்.

படி இறங்கும்போது, “ஆவணிக்கு மூணு மாசம் கீது. கணக்கு கரெக்டு” என்றான். சந்தோஷத்தில் கரும்புச் சாறு வாங்கிக் கொடுத்தான்.

மே 15, வெள்ளி

நந்தினி அண்ணிக்குப் பிளவுஸ் டிசைன் பார்க்கப் போகிறோம் என்று அம்மாவிடம் பொய். அண்ணன் வெறும் வயிறு. அம்மா நான்கு இட்லியைத் தட்டில் வைத்துக்கொண்டு பின்னாலேயே வந்தாள். அவள் திரும்பியபோதெல்லாம் நான்தான் தின்றேன். என் பங்கும் சேர்த்து எட்டு.

உள்ளே போவதற்கு முன் டாக்டர் அவனை நிற்க வைத்து மார்பில் மார்க்கரால் வட்டம் வட்டமாக வரைந்தார். படுத்தால் வடிவம் மாறிவிடுமாம், அதனால் நிற்க வைத்துத்தான் வரைய வேண்டுமாம். நாங்கள் பிளவுஸுக்கு அளவெடுப்பதும் அப்படித்தான். அதை டாக்டரிடம் சொல்லலாம் என்று நினைத்தேன். சொல்லவில்லை.

காத்திருந்தேன். எதிர் நாற்காலியில் ஒரு அம்மா, கூட அவர் மகள். மகள் மெதுவாக, “அம்மா, வயித்துல எடுத்தா மறுபடி வராதாம்மா?” “நீ ராத்திரி பரோட்டா தின்னா வேற எடத்துல வரும்டி.”

அண்ணன் தள்ளாடிக்கொண்டு வெளியே வந்தான். அரைத் தூக்கம். நர்ஸ் அக்காவிடம், “சிஸ்டர், எடுத்ததக் காட்டுங்க, நான் பாக்கணும்” என்று அடம். காட்டினார்கள். ஜாடியில் ஆரஞ்சு கலர். அண்ணன் நீண்ட நேரம் பார்த்தான்.

“இதுக்காடி பதினஞ்சு வருசம் கோட்டு போட்டுகினு திரிஞ்சேன்?”

எனக்கு அழுகை வந்தது. அவன் அதற்குள் தூங்கிவிட்டான்.

ஆட்டோவில் திரும்பும்போது பயங்கரம். வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தான். கட்டு வழியாக ரோஸ் கலரில் தண்ணீர் கசிந்து சட்டை நனைந்துவிட்டது. ஆட்டோக்காரர் கண்ணாடியில் பார்த்தார். “இன்னாம்மா, அண்ணாத்தைக்குக் கத்திக் குத்தா? போலீஸ் கேஸ்னா நான் எறக்கி வுட்டுருவேன்.”

கிளினிக்குக்கு போன் பண்ண வேண்டும். போனில் பேச என்னால் முடியாது. ஆனால் பண்ணினேன். “ரோஸ் கலர்” என்று மட்டும் சொன்னேன். நர்ஸ் அக்காவுக்குப் புரிந்துவிட்டது. “பயப்படாத. உள்ள ஏத்துன தண்ணிதான் வெளிய வருது. ரெண்டு நாள் வரும். பழைய டவல் போட்டுப் படுக்க வை. திக்கா ரத்தமா வந்தாலோ, ஜுரம் வந்தாலோ ஒடனே கூப்பிடு.”

கத்திக் குத்து இல்லை என்று ஆட்டோக்காரரிடம் சொல்ல எனக்கு பட்டாபிராம் கேட் வரை ஆனது.

மே 16, சனி

அம்மாவுக்குச் சொன்ன கதை: பைக் சறுக்கியது, நெஞ்செலும்பில் அடி, டாக்டர் பெல்ட் போட்டிருக்கிறார். அம்மா கத்திய கத்தலில் பக்கத்து வீடுகள் காலி, எல்லோரும் எங்கள் வாசலில். உப்பு, மிளகாய், எலுமிச்சம்பழம், கடைசியில் பூசணிக்காய். “கல்யாண மாப்ளன்னு எவ கண்ணு வெச்சாளோ!”

காலையிலிருந்து ஆட்கள் வந்தபடி இருக்கிறார்கள். இதுவரை: பிரெட் ஆறு பாக்கெட், ஆப்பிள், சாத்துக்குடி, இளநீர். எல்லோரும் அண்ணனின் நெஞ்சைத்தான் பார்க்கிறார்கள். எதிர் வீட்டு ஆயா, “பாவம், எப்பிடி வீங்கிகீது பாரு” என்று தொட வந்தார். அண்ணன் கட்டிலின் அந்தப் பக்கமாக உருண்டான்.

சாயந்திரம் மாமா. நேராக பைக்கிடம் போனார். ஒரு சுற்று சுற்றிவந்தார்.

“இன்னாடா டிப்போ, ஸ்கிட்டுன்ற. வண்டி மேல ஒரு கீறல் இல்ல?”

“மெதுவாத்தான் மாமா உழுந்தேன்.”

“மெதுவா உழுந்ததுக்கா நெஞ்செலும்பு?”

மாமா தொழிற்பேட்டையில் லேத் பட்டறை வைத்திருக்கிறார். இரும்பில் தலைமுடி அளவு பிசகு இருந்தாலும் கண்டுபிடிப்பார். அப்பா போன பிறகு எங்கள் வீட்டில் எல்லாம் அவர் சொல்வதுதான். “காலைல வெளிச்சத்துல பாக்கறேன்” என்றுவிட்டுப் போனார்.

அண்ணன் என்னை ஜாடையாகக் கூப்பிட்டான். “பாப்பா, வண்டியக் கொஞ்சம் செவுத்துல ஒரசிட்டு வா. லேசா.”

ஒரசினேன். லேசா எவ்வளவு என்று எனக்குத் தெரியவில்லை. இண்டிகேட்டர் கையோடு வந்துவிட்டது.

மே 18, திங்கள்

மாமா இனிப்பு டப்பாவோடு வந்தார். அம்மா காபி போட்டாள். உட்கார்ந்து, காலை ஆட்டி, மெதுவாகக் குடித்து, பிறகுதான் சொன்னார். ஆவணியில் நாங்கள் கேட்ட மண்டபம் கிடைக்கவில்லை. ஆனால் ஜூன் 7, வைகாசி முகூர்த்தம், யாரோ கேன்சல் பண்ணிவிட்டார்கள். மாமா தெரிந்தவர் மூலம் பிடித்துவிட்டார். பெண் வீட்டாரும் சரி என்றுவிட்டார்கள்.

“நான் இல்லன்னா இந்த ஊட்ல எதுனா நடக்குமா சொல்லு?”

அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். நான் அண்ணனைப் பார்த்தேன். அவன் நாள்காட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தான். உதடு அசைந்துகொண்டே இருந்தது. எத்தனை முறை எண்ணினாலும் அதே மூன்று வாரம்.

நலங்கு கல்யாணத்துக்கு முந்தின நாள் காலை, மண்டபத்து மொட்டைமாடியில். பெண் வீட்டாருடன் சேர்த்தே. நந்தினி அண்ணியின் தங்கை அதற்கு ஹல்தி என்று பெயர் வைத்திருக்கிறாள். எல்லோரும் மஞ்சள் டிரெஸ் போட வேண்டுமாம். மாப்பிள்ளைக்கு மஞ்சள் வேட்டி, கழுத்தில் பூமாலை. சட்டை கிடையாது. மேலிருந்து படம் பிடிக்க குட்டி விமானம் வரும்.

“மேல இருந்து வேறயா?” என்றான் அண்ணன்.

மே 21, வியாழன்

வெயில் இன்னும் குறையவில்லை. அண்ணன் வேலைக்குப் போய்விட்டு வந்து ஃபேனுக்கு நேர் கீழே நிற்கிறான். இறுக்குப் பனியனை நர்ஸ் அக்கா கம்ப்ரஷன் வெஸ்ட் என்கிறார். முன்பக்கம் வரிசையாகக் கொக்கி, நீச்சல் டிரெஸ் துணி. அதற்குக் கொக்கி மாட்ட இரண்டு பேர் வேண்டும். நான் இழுக்க, அவன் மூச்சைப் பிடிக்க, எங்கள் அறைக்கு வெளியே அம்மா, “இன்னாடா உள்ள சத்தம்?” என்பாள்.

மார்பு நீலம், கருநீலம், ஓரங்களில் பச்சை. எங்கள் கடையின் நூல் டப்பா போல.

“அரிக்குதுடி பாப்பா. மூச்சு முட்டுது. கொஞ்சம் லூஸ் பண்ணி குடு.”

பார்க்கப் பாவமாக இருந்தது. பக்கத் தையலில் துணி நிறைய மடித்துவிட்டிருந்தார்கள். அதைப் பார்த்ததும் என் கை சும்மா இருக்கவில்லை. இறுக்கம் என்று வருகிற யாருக்கும் நாங்கள் செய்வதுதான். இரண்டு பக்கமும் பிரித்தேன், ஒரு விரல் விட்டேன், ஓரம் அடித்தேன். உள்ளே மெல்லிய காட்டன் துணி வேறு வைத்துக் கொடுத்தேன். போட்டுப் பார்த்துவிட்டு, “சொர்க்கம்டி” என்றான். இரண்டு பேரும் மீதி பிரெட்டை ஜாம் வைத்துத் தின்றோம்.

மே 25, திங்கள்

சொர்க்கம் முடிந்தது.

நேற்றிலிருந்து இடப்பக்கம் புடைத்துக்கொண்டு வருகிறது. அமுக்கினால் தண்ணீர்ப் பை மாதிரி தளும்புகிறது. கிளினிக்குக்கு ஓடினோம். நர்ஸ் அக்கா பனியனைக் கழற்றினார். தையலைத் திருப்பிப் பார்த்தார். மறுபடியும் பார்த்தார்.

“இது யாரு பண்ணது?”

நான் தரையைப் பார்த்தேன்.

“ஓரம் எல்லாம் நல்லாத்தான் அடிச்சிருக்க” என்றார். பிறகு டாக்டரைக் கூப்பிட்டார்.

டாக்டர் கோபப்பட்டார். நிஜமான கோபம். கொழுப்பை எடுத்த இடத்தில் பள்ளம் இருக்கும், பனியன் அமுக்கினால்தான் தோல் போய் ஒட்டும். தளர்த்திவிட்டால் அங்கே தண்ணீர் சேரும். சேர்ந்துவிட்டது. ஊசி போட்டு உறிஞ்சி எடுத்தார். அண்ணன் என் கையைப் பிடித்துக்கொண்டான். வலித்தது அவனுக்கா எனக்கா தெரியவில்லை, அப்படி நசுக்கினான்.

முடிந்த பிறகு டாக்டர் என்னிடம் வந்தார். குரல் இறங்கியிருந்தது. “இங்க பாரும்மா. உங்க கடையில இறுக்கமா இருந்தா பிரிப்பீங்க. இங்க அந்த இறுக்கம்தான் மருந்து. புரியுதா?”

தலையாட்டினேன்.

“மேடம், ஆறாந்தேதி நலங்கு. சட்டையில்லாம உக்காரணும். அதுக்குள்ள வடிஞ்சிருமா?” அண்ணன் குரல் சின்னப் பையன் குரல் மாதிரி.

டாக்டர் யோசித்தார். பொய் சொல்லவில்லை. “பாதி வடியும். பாக்கறவங்களுக்குப் பழைய மாதிரியேதான் தெரியும். நான் மூணு மாசம்னு சொன்னேனே தம்பி.”

புதுப் பனியன் வாங்கினோம். இதை நான் தொடப் போவதில்லை. வழியில் கரும்புச் சாறு கடையை அண்ணன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

மே 29, வெள்ளி

நந்தினி அண்ணி போன். அயனம்பாக்கத்தில் ஏரி பார்த்த ஃபிளாட், ஐடி கம்பெனி வேலை, அவர் பேசினால் எனக்கு இன்னும் வாய் அடைத்துப்போகும். நம்பரைப் பார்த்ததும் சைலண்டில் போட நினைத்தேன். விரல் பட்டு எடுத்துவிட்டது.

“பாப்பா, உண்மையச் சொல்லு. உங்க அண்ணனுக்கு என்னைப் பிடிக்கலையா? பத்து நாளா போன் எடுக்க மாட்டேங்கறார். எடுத்தாலும் ஹல்திய கேன்சல் பண்ணலாமான்னே கேக்கறார். கல்யாணமே வேண்டாம்னா இப்பவே சொல்லிடச் சொல்லு.”

அழுகிறாரோ என்று இருந்தது. நான் ஏதாவது சொல்லியாக வேண்டும். என் வாயிலிருந்து வந்தது: “பிளவுஸ் செவ்வாய்க்கிழமை ரெடியாயிடும் அண்ணி.”

வைத்துவிட்டார்.

அண்ணன் வந்ததும் அவன் போனை அவன் கையில் திணித்தேன். நந்தினி அண்ணி நம்பரை அழுத்திவிட்டேன். “நீயே சொல்லு. இல்லன்னா கல்யாணம் நின்னுடும்.” இவ்வளவு நீளமாக நான் பேசி அவன் பார்த்ததில்லை. மொட்டைமாடிக்குப் போனான்.

தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் நின்று ஒட்டுக்கேட்டேன். அண்ணன் எல்லாம் சொன்னான். ஏரி, டிப்போ, ஆரஞ்சு ஜாடி, நான் தையலைப் பிரித்தது. பிறகு அந்தப் பக்கம் ஏதோ கேட்டார் போல.

“இல்ல. இப்போ வலி இல்ல” என்றான்.

பிறகு, “சிரிக்காத நந்தினி. அய்யோ, சிரிச்சா எனக்கும் வருது, தையல் இழுக்குது.”

கீழே வந்தவன் முகம் வேறு மாதிரி இருந்தது. “அவ பயந்தாளாம்டி. எனக்கு வேற பொண்ணு இருக்குன்னு.” என்னைப் பார்த்துப் பல்லைக் காட்டினான். “உனக்கும் அவளுக்கும் ஒரே மூளை.”

“அப்போ நலங்கு?”

பல் மறைந்தது. “அவளுக்குத் தெரிஞ்சா போதும்னு சொல்றா. மாமா அங்க அத்தினி பேர் எதிர்ல டிப்போ கதையச் சொன்னாருன்னா, நான் மணவறையில எப்பிடிடி உக்காருவேன்?”

ஜூன் 3, புதன்

மழை வரும் போல இருட்டி, வராமல் போனது. பிளவுஸ் மூன்று முடித்தேன். அம்மாவின் பிளவுஸ் இறுக்கம். பிரிக்கும்போது கை ஒரு நிமிஷம் நின்றது.

அண்ணன் கண்ணாடி முன். கருநீலம் போய்விட்டது. இப்போது பச்சையும் மஞ்சளும். டாக்டர் சொன்னது சரி, பார்க்கப் பழைய மாதிரிதான். “ஜாடில எடுத்தது யாருதுடி அப்போ?” என்கிறான்.

யோசனைகள்:

காய்ச்சல் என்று படுத்துக்கொள்வது. (அம்மா இன்னொரு பூசணிக்காய் உடைப்பாள்.)

பைக் அடி ஆறவில்லை, பெல்ட்டைக் கழற்றக் கூடாது என்பது. (மாமா பெல்ட்டைப் பார்க்க வேண்டும் என்பார். பார்த்தால் கொக்கி.)

மாமாவிடமே போய்ச் சொல்லிக் கெஞ்சுவது. அண்ணன் மாட்டான். நான் போகிறேன் என்றேன். அவர் பட்டறை வாசல் வரை போனேன். “இன்னாம்மா?” என்றார். “அம்மா தேங்காய் வாங்கிட்டு வரச் சொன்னாங்க” என்றேன். வாங்கியும் கொடுத்துவிட்டார். நூறு தேங்காய்.

ஜூன் 6, சனி

இன்று நடந்ததை வரிசையாக எழுத வேண்டும். மண்டபத்தில் ஸ்டோர் ரூமில் உட்கார்ந்து எழுதுகிறேன். சுற்றிலும் வாழை இலைக் கட்டு. கை இன்னும் மஞ்சள்.

டாக்டரிடம் அண்ணன் கேட்டுவிட்டான்: குளிக்கும் நேரத்துக்குப் பனியனைக் கழற்றலாம் என்றால், நலங்கு முடிந்ததும் குளியல்தானே, அதையும் சேர்த்துக்கொள்ளலாம் என்றாராம். தையல் ஆறிவிட்டது, ஆனால் அழுத்தித் தேய்க்காமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்றும் சொன்னாராம். பத்து மணிக்குக் கொக்கியைக் கழற்றினேன்.

மொட்டைமாடி முழுக்க மஞ்சள். மஞ்சள் சுடிதார், மஞ்சள் பலூன், அம்மாவின் மஞ்சள் புடவை. மனையில் அண்ணனும் நந்தினி அண்ணியும். அண்ணன் மேலே துண்டு. மாமா துண்டை இழுத்தார்.

“எடுடா. பொண்ணு ஊட்டாளுங்க பாக்கட்டும், மாப்ள எப்பிடி கீறாருன்னு.”

துண்டு போய்விட்டது. அண்ணன் குனிந்துகொண்டான். கழுத்து மாலை கொஞ்சம் மறைத்தது. நந்தினி அண்ணி ஒன்றும் தெரியாதவர் போல மாலையைச் சரிசெய்து, சாமந்தியை இழுத்து இன்னும் கொஞ்சம் மறைத்தார்.

மாமா கிண்ணத்தில் கைவிட்டு, கன்னத்தில் பூசினார், தோளில் பூசினார், மார்பில் ஒரு கோடு போட்டார். நின்றார். அக்குள் பக்கம் பார்த்தார். அங்கேதான் ஓட்டையின் தழும்பு. கன்றல் மஞ்சளோடு மஞ்சளாகப் போய்விட்டது, தழும்பு போகவில்லை.

அப்போதுதான் நந்தினி அண்ணியின் அம்மா சிரித்த முகமாக, “நானும் கேக்கணும்னே இருந்தேன். மாப்பிள்ளைய ஏன் எல்லாரும் டிப்போ டிப்போன்னு கூப்பிடுறீங்க? பஸ் டிப்போவுல வேலை பார்த்தாங்களா?”

சிரிப்பு நின்றது. எங்கள் தெருக்காரர்கள் எல்லோரும் மாமாவைப் பார்த்தார்கள். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டான். குட்டி விமானம் தலைக்கு மேலே ரீங்காரம்.

மாமா தொண்டையைச் செருமினார். “அது ஒரு பெரிய கதை சம்பந்தி” என்றார். வாயைத் திறந்தார்.

நான் எப்படி அங்கே போனேன் என்று தெரியவில்லை. கிண்ணத்தில் இரண்டு கையும் விட்டேன். அப்படியே மாமாவின் வாயில் அப்பினேன். வாய், மூக்கு, மீசை எல்லாம். ஒரு கிண்ணம் மஞ்சளும் முடிந்துவிட்டது.

மாமா வாயிலிருந்து மஞ்சளைத் துப்பினார்.

பிறகு நந்தினி அண்ணியின் தங்கை, “சூப்பர்!” என்று கத்தினாள். அடுத்த கிண்ணத்தை எடுத்துத் தன் சித்தப்பா தலையில் கவிழ்த்தாள். அவ்வளவுதான். யார் யார்மேல் பூசுகிறார்கள் என்றே தெரியவில்லை. அம்மா ஓடினாள். போட்டோகிராபர் கேமராவைத் துணியில் சுற்றிக்கொண்டு ஓடினார். இந்தக் கலாட்டாவில் அண்ணன் சட்டையில்லாமல் எழுந்து நின்று, வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருந்தான். சட்டை இல்லை என்பதே அவனுக்கு மறந்துவிட்டது. யாரும் அவனைப் பார்க்கவுமில்லை. எல்லோரும் மாமாவைத்தான் பார்த்தார்கள்.

குளித்துவிட்டு வந்ததும் பனியனை மாட்டிவிட்டேன். அவன் மூச்சைப் பிடித்தான், நான் இழுத்தேன். “இறுக்கமா போடு” என்றான்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது கதவு திறந்தது. மாமா. மீசை இன்னும் மஞ்சள். எழுந்து நின்றேன். அறை விழும் என்று கன்னத்தைத் தயாராக வைத்துக்கொண்டேன்.

“நான் இன்னா சொல்ல வந்தேன்னு தெரியுமா உனக்கு?”

தலையாட்டினேன்.

“தெரியாது. ஆவடி டிப்போ வாசல்ல பஸ்லயே பொறந்துட்டான், அதான் அந்தப் பேருன்னு சொல்லலாம்னு வாயத் தொறந்தேன். தழும்பப் பாத்துட்டேன். எங்க பட்டறைப் பையன் ஒருத்தன் இதே மாரி மிஷின்ல கொழுப்ப எடுத்துகினான், எனக்குத் தெரியாதா? பாத்த பொறவு நெசக் கதயச் சொல்ல எனக்கு மனசு வருமா?” வாயைத் துடைத்துக்கொண்டார். “அவனுக்கு அது இவ்ளோ கஷ்டமா கீதுன்னு ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்ல.”

உண்மையா, இப்போது யோசித்துச் சொல்கிறாரா, கண்டுபிடிக்க முடியவில்லை. முகம் முழுக்க மஞ்சள்.

போவார் என்று பார்த்தேன். போகவில்லை. கதவைச் சாத்தினார். குரலை இறக்கினார்.

“ஏம்மா, அந்த மிஷின்ல வயித்துக்கும் எடுப்பாங்களா?”

“எடுப்பாங்க மாமா” என்றேன். அதோடு நிறுத்தவில்லை. உப்புத் தண்ணீர், குழாய், ரோஸ் கலர், வீக்கம், மூன்று மாதம், எல்லாவற்றையும் நின்றபடி ஒன்று விடாமல் சொன்னேன். மாமா வாழை இலைக் கட்டின்மேல் உட்கார்ந்து கேட்டார். “எடை கொறையாதா?” என்று நடுவில் ஒரு சந்தேகம் கேட்டார். அதற்கும் பதில் சொன்னேன்.